ஹீரோ சொன்ன மறுப்பு

ஷேக்ஸ்பியரின் காதல் நகைச்சுவைகளைத் தொலைக்காட்சிக்குக் கொண்டுவரும்போது முடிவில் கைவைக்கவே கூடாது என்கிறார்கள் சிலர். எனக்கு அதில் உடன்பாடில்லை. 2005இல் பிபிசியில் வந்த, அவருடைய 'மச் அடோ அபௌட் நத்திங்' நாடகத்தின் புது வடிவத்தைப் பார்த்தால் நான் சொல்வது புரியும்.

மூல நாடகத்தில் பீயட்ரிஸும் பெனடிக்கும் எலியும் பூனையுமாக இருப்பவர்கள். ஒருவர்மேல் மற்றவர் உருகிக் கிடப்பதாக நண்பர்கள் கதைகட்டி, அது இருவர் காதிலும் விழும்படி செய்கிறார்கள். ஒளிந்து நின்று கேட்கும் அந்த இரண்டு காட்சிகளுக்கு இன்றைக்கும் சிரிப்பு வருகிறது. கூடவே இன்னொரு ஜோடி உண்டு: கிளாடியோ, ஹீரோ. ஹீரோ என்பது பெண்ணின் பெயர். சூழ்ச்சியை நம்பிய கிளாடியோ, கல்யாணத்தன்று எல்லோர் முன்னிலையிலும் அவளை நடத்தை கெட்டவள் என்று ஏசுகிறான். அவள் மயங்கி விழுகிறாள். இறந்துவிட்டதாகச் சொல்லி அவளை மறைத்து வைக்கிறார்கள். உண்மை வெளிவந்ததும் அவனுக்கே கட்டியும் வைக்கிறார்கள். அவளிடம் நேரில் ஒரு மன்னிப்புகூட அவன் கேட்பதில்லை!

1984இல் இதே பிபிசி, ராபர்ட் லிண்ட்சேயையும் செரி லுங்கியையும் வைத்து மூலத்தை ஒட்டியே எடுத்தது. நடிப்பு அருமை. ஆனாலும் முடிவில் எல்லோரும் மகிழும்போது என்னால் சேர்ந்து மகிழ முடியவில்லை.

2005 வடிவத்தை எழுதிய டேவிட் நிக்கோல்ஸ், கதையை ஓர் உள்ளூர்ச் செய்தி அலுவலகத்துக்கு மாற்றினார். பீயட்ரிஸாக வரும் சாரா பாரிஷும் பெனடிக்காக வரும் டேமியன் லூயிஸும் செய்தி வாசிப்பவர்கள். பில்லி பைப்பரின் ஹீரோ வானிலை சொல்பவள். கல்யாணத்தில் வாசிக்க வேண்டிய ஷேக்ஸ்பியரின் 116ஆம் சானெட் (பதினான்கு வரிக் கவிதை) பெனடிக்குக்கு விளங்கவில்லை; பீயட்ரிஸ் சொல்லிக்கொடுக்கிறாள். அவ்வளவு அழகான காட்சி அது. அப்புறம் அந்த முடிவு. எல்லாம் நடந்தபிறகு, நாம் இனி சேரலாமா என்று கேட்கும் அந்தக் காதலனிடம் ஹீரோ முடியாது என்கிறாள்.

இது மூலத்துக்குச் செய்த துரோகமா? ஹீரோவுக்கு நடந்ததைக் கண்டு, தான் ஆணாக இருந்தால் சந்தை நடுவில் கிளாடியோவின் இதயத்தைத் தின்றிருப்பேன் என்று கொதிக்கிறாள் பீயட்ரிஸ். அதை எழுதியது ஷேக்ஸ்பியர்தான். அந்தக் கோபத்தைக் கேட்டபிறகு ஹீரோவை வாய்மூடித் தலையாட்ட வைப்பதுதான் எனக்கு ஒட்டவில்லை. காதல் நகைச்சுவை என்றால் கல்யாணத்தில் முடிய வேண்டும் என்பீர்களானால், பீயட்ரிஸுக்கும் பெனடிக்குக்கும் ஆகிறதே, அது போதும்.