எழுபத்தேழு ஆண்டு தாமதமாக வந்த பதவி

முதல் உலகப் போரில் பிரான்சுக்காகப் பறந்த அமெரிக்கக் கறுப்பினத்தவர் யூஜின் புல்லார்டைப் பற்றிப் பேச்சு வந்தால், எத்தனை ஜெர்மன் விமானங்களை வீழ்த்தினார் என்றுதான் முதலில் கேட்கிறார்கள். உறுதி செய்யப்பட்ட கணக்கில் ஒன்றுகூட இல்லை. அதை மறைக்கவோ கூட்டிச் சொல்லவோ தேவையில்லை. அவர் போர் விமானத்தில் ஏறி உட்கார்ந்ததற்குப் பின்னால் இருக்கும் கதையே போதும்.

1895இல் ஜார்ஜியா மாநிலத்தின் கொலம்பஸ் நகரில் பிறந்தவர். அப்பாவை அடித்துக் கொல்ல ஒரு வெள்ளையர் கும்பல் வீடு தேடி வந்ததைப் பார்த்து வளர்ந்த பையன். சிறு வயதிலேயே வீட்டை விட்டு ஓடி, 1912இல் திருட்டுத்தனமாகக் கப்பலேறி ஸ்காட்லாந்து போனார். குத்துச்சண்டை போட்டுப் பிழைத்தார், அப்புறம் பாரிஸ். 1914இல் வெளிநாட்டவரைச் சேர்த்துக்கொள்ளும் பிரெஞ்சு அந்நியர் படையில் சேர்ந்து, 1916இல் வெர்தூன் போரில் படுகாயம் அடைந்தார். இனி காலாட்படைக்கு ஆகாது என்ற நிலையில் விமானப் பயிற்சிக்குப் போய், 1917 மே மாதம் உரிமம் வாங்கினார். அமெரிக்கக் கறுப்பினத்தவரில் முதல் போர் விமானி அவர்தான்.

என் கோபம் இனிமேல்தான். அதே ஆண்டு அமெரிக்காவும் போரில் இறங்கியது. பிரான்சுக்காகப் பறந்துகொண்டிருந்த அமெரிக்கர்களைத் தன் படைக்கு அதிகாரிகளாக எடுத்துக்கொண்டது. புல்லார்டும் விண்ணப்பித்தார், மருத்துவச் சோதனையிலும் தேறினார். ஆனால் எடுக்கவில்லை. தோலின் நிறத்தைத் தவிர வேறு காரணம் கிடையாது.

அதற்காகப் பிரான்சைச் சொர்க்கமாகக் காட்டுவதையும் நான் ஏற்கமாட்டேன். ஒரு பிரெஞ்சு அதிகாரியோடு ஏற்பட்ட தகராறுக்குப் பிறகு அவரைத் திரும்பவும் காலாட்படைக்கே அனுப்பிவிட்டார்கள். ஆப்பிரிக்கக் காலனிகளிலிருந்து கட்டாயப்படுத்தி ஆட்களைப் பிடித்து வந்து போர்முனையில் நிறுத்தியதும் அதே ராணுவம்தான்.

போருக்குப் பின் பாரிஸின் மோன்மார்த்ரில் இரவு விடுதி நடத்தினார். 1940இல் ஜெர்மானியர் வந்தபோது, 44 வயதில் மறுபடியும் துப்பாக்கி தூக்கிக் காயப்பட்டு, நியூயார்க்குக்குத் தப்பினார். சொந்த நாடு எப்படி வரவேற்றது? 1949இல் நியூயார்க் மாநிலத்தின் பீக்ஸ்கில்லில், கறுப்பினப் பாடகர் பால் ராப்சன் கச்சேரிக்குப் போனவரைக் கும்பலும் போலீஸும் சேர்ந்து அடித்தார்கள். அடிக்கும் படங்கள் இன்றும் இருக்கின்றன.

1954இல் பிரான்ஸ் அவரை அழைத்து, பெயர் தெரியாத போர்வீரர் கல்லறையின் சுடரை ஏற்ற வைத்தது. 1959இல் தன் உயரிய விருதான லெஜியன் தோனர் கொடுத்தது. அப்போது அவர் ராக்ஃபெல்லர் சென்டரில் லிஃப்ட் ஆபரேட்டர். அந்த ஆண்டு டிசம்பரில் தொலைக்காட்சிப் பேட்டிக்கும் லிஃப்ட் ஆபரேட்டர் சீருடையில்தான் வந்தார்.

1961இல் இறந்தார். அமெரிக்க விமானப்படை 1994இல் அவருக்கு செகண்ட் லெப்டினன்ட் பதவி கொடுத்தது. இதைப் பெருந்தன்மை என்று எழுதுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. உடன் பறந்த வெள்ளையர்களுக்கு அப்போதே கிடைத்த அதிகாரிப் பதவி, இவருக்கு வர 77 ஆண்டு ஆகியிருக்கிறது. அந்தப் பதவியைப் பற்றி எழுதுகிற ஒவ்வொருவரும் 1917இல் நடந்த மறுப்பையும் அதே வரியில் எழுத வேண்டும்.