ஒரே 1.2, இரண்டு கணக்கு

சிறுநீரகப் பரிசோதனை பற்றிய உங்கள் கட்டுரையில், கிரியேட்டினினை (தசையிலிருந்து இரத்தத்தில் சேர்ந்து, சிறுநீரகம் வெளியேற்றும் கழிவு) வயதோடும் பாலினத்தோடும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும் என்று எழுதியது மெத்தச் சரி. நெடுங்கேணியில் இருக்கும் அம்மாவுக்கு 68 வயது. போன மாத ரிப்போர்ட்டில் கிரியேட்டினின் 1.2 mg/dL, பக்கத்தில் வேறொன்றும் இல்லை. "கொஞ்சம்தானே கூட" என்று மடித்து வெற்றிலைப் பைக்குள் வைத்துவிட்டார்.

சிறுநீரகம் நிமிடத்துக்கு எத்தனை மில்லிலீற்றர் வடிகட்டுகிறது என்று கணக்கிடும் 2021ஆம் ஆண்டுச் சூத்திரத்தில் (CKD-EPI) போட்டுப் பார்த்தேன்: 49! அதே 1.2 என் 25 வயது மகனுக்கு வந்திருந்தால் 86. இந்தக் கணக்கை மட்டும் வைத்து நாட்பட்ட சிறுநீரக நோய் என்று சொல்ல, அது மூன்று மாதத்துக்கு மேலும் 60க்குக் கீழே நிற்க வேண்டும் என்பதால், திரும்ப இரத்தம் கொடுக்க வேண்டும். இறைச்சி தின்றால் கிரியேட்டினின் கூடிக் காட்டும் என்பதால் முதல் நாள் இறைச்சிக் கறி வேண்டாம் என்றேன், அம்மாவின் முகம் சுருங்கிவிட்டது.

இன்னொன்று, வயல்வேலையில் வற்றிய உடம்பில் தசை குறைவு. கிரியேட்டினினும் குறைவாகவே காட்டும். அப்போது சிறுநீரகம் நன்றாக இருப்பதுபோல் காட்டி இந்தக் கணக்கே ஆளை ஏமாற்றும். சிறுநீரில் புரதம் போகிறதா என்றும் பார்க்கச் சொல்லி எழுதியிருக்கலாம்.