தரையில் படிந்த புறங்கால்

தாய்லாந்துத் திருநங்கைகளின் படம் எங்கே வந்தாலும் கமெண்டில் ஒரு கூட்டம் காலைப் பற்றியே பேசுகிறது. ஹீல்ஸ், நகப்பூச்சு, உள்ளங்கால். காலின் மேல் சிலருக்கு மோகம் இருக்கும், இருந்துவிட்டுப் போகட்டும். வயதுவந்தவர்கள் சம்மதத்தோடு செய்வதைக் கேட்க நான் யார்? "அது அவங்க கலாச்சாரம் பாஸ்" என்று ஒருத்தர் வந்து முடித்து வைப்பார் பாருங்கள், அதில்தான் எனக்கு எரிச்சல்.

அவர்கள் கலாச்சாரத்தில் தலை உசத்தி, கால் தாழ்த்தி. புத்தர் சிலைக்கு நேரே கால் நீட்டக் கூடாது. காலைக் குறிக்கும் 'தீன்' கொச்சைச் சொல். ஆளைத் திட்டும்போது மூஞ்சியைக் குதிகாலோடு சேர்த்துத் திட்டுவார்கள். ஆனால் மன்னரின் பட்டம் 'பிரா பாத்' என்று நமக்கும் தெரிந்த பாதத்தில்தான் தொடங்குகிறது. பாங்காக் வாட் போ கோயிலில் 46 மீட்டர் நீளத்துக்குப் படுத்திருக்கும் புத்தரின் உள்ளங்கால்களில் 108 மங்கலச் சின்னங்களைச் சிப்பியில் இழைத்திருக்கிறார்கள். செருப்பால் அடிப்பேன் என்றும் திருவடி சரணம் என்றும் ஒரே வாயால் சொல்கிற நமக்கு இது புரியாதா என்ன?

இப்படி வளர்ந்தவளின் காலடியில் காசு கொடுத்து ஒருவன் மண்டியிட்டால், ஒருத்தி சிரிப்பாள், ஒருத்தி பில்லில் ஏற்றுவாள், ஒருத்திக்குக் குமட்டும். இதற்கெல்லாம் சேர்த்து ஒரே அர்த்தம் எப்படிச் சொல்வது?

நான் பார்த்த கால் வேறு. நாங்கள் தங்கிய விடுதியின் ரிசப்ஷனில் இருந்தவர் எங்களை ஒரு கோயிலுக்குக் கூட்டிப்போனார். தன்னைக் 'கதோய்' என்று அவரே சொல்லிக்கொள்வார்; திருநங்கைக்கு அங்கே வழங்கும் சொல் அது. வாசலில் ஹீல்ஸைக் கழற்றும்போது, "முகத்தை டாக்டர் மாத்திடுவார், பாதத்தைச் சின்னதாக்க ஆள் இல்லை. என் சைஸுக்குச் செருப்பு தேடுறதே பாதிப் பொழைப்பு" என்றார்.

உள்ளே போய் மண்டியிட்டார். அங்கே ஆண்கள் கும்பிடும்போது கால்விரல்களை மடக்கித் தரையில் ஊன்றிக் குதிகால் மேல் உட்காருவார்கள். அதற்குப் பெயர் தேவகுமாரன் இருப்பு. பெண்களுக்கு தேவமகள் இருப்பு: புறங்கால் தரையில் படிந்திருக்க, உள்ளங்கால் மேல் உட்கார வேண்டும். இவர் புறங்கால் படியத்தான் உட்கார்ந்தார். பள்ளிக்கூடத்தில் இதற்காகப் பிரம்படி வாங்கியிருக்கிறாராம்.

2025 ஜனவரியில் தன்பால் திருமணச் சட்டம் அங்கே நடைமுறைக்கு வந்தது. அடையாள அட்டையில் மட்டும் இவர் இன்னும் 'நாய்'தான். சிரிக்காதீர்கள், தாய்லாந்து மொழியில் 'திரு'வுக்கு அப்படித்தான் சொல்வார்கள். அந்த அடைமொழியை மாற்றிக்கொள்ள வழிசெய்யும் மசோதாவை 2024-ல் நாடாளுமன்றம் நிராகரித்துவிட்டது. அட்டை தராததை அந்தப் புறங்கால் எடுத்துக்கொண்டிருந்தது.

மூன்று முறை நெற்றி தரையில் பட வணங்கி நிமிர்ந்தவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். மரத்துப்போன என் கால் புத்தரைப் பார்த்து நீண்டிருந்தது. கைப்பையால் முட்டியில் ஒரு தட்டு. மடக்கிக்கொண்டேன்.