ஆள் பிடித்தார்களாம்!

"ஆள் பிடிச்சுத்தான் ஆர்டரை உடைச்சிருப்பாங்க." மும்பையில மாநில அரசு ஊழியரா இருக்கற நம்ம சயான் அக்கா, தன்னை வெளியூருக்கு மாத்தின ஆர்டரை அரசு ஊழியர் வழக்குகளைப் பார்க்கிற தீர்ப்பாயத்துல ரத்து பண்ண வெச்சு ஜெயிச்சிருக்காங்க. அந்த விஷயத்துல நேத்து ராத்திரி வந்த கமெண்டு இது, அதுக்குக் கீழே வரிசையா சிரிப்புப் பொம்மைகளும். சிரிச்சவங்கள்ல பாதிப் பேர் அரசு வேலையில இருக்கறவங்க, அதான் எரியுது.

ஆள் பிடிக்கலை சாமி. ஃபைலைப் பிடிச்சாங்க.

மகாராஷ்டிராவுல மாநில அரசு ஊழியர் மாற்றலுக்குன்னே 2005-ஆம் வருஷச் சட்டம் ஒண்ணு இருக்கு. பொதுவா ஒரு பதவியில 3 வருஷம். தலைமைச் செயலகத்துக்கு வெளியே வேலை பார்க்கிற, குமாஸ்தா மாதிரியான 'சி' பிரிவு ஊழியருக்கு அதே ஆபீஸ்ல ரெண்டு தவணை, ஆக 6 வருஷம். மாற்றல் போடறது ஏப்ரல் இல்லேன்னா மே. நடுவுல தூக்கணும்னா பிரிவு 4(5) இருக்கு: காரணத்தை எழுத்துல பதியணும், அடுத்த மேலதிகாரிகிட்ட முன்கூட்டியே ஒப்புதல் வாங்கணும்.

அக்காவுக்கு ஆர்டர் வந்தது அக்டோபர்ல. அந்த சீட்டுக்கு வந்து 14 மாசம்தான். ஃபைல்ல எழுதியிருந்த காரணம் ரெண்டே வார்த்தை: "பிரஷாசகீய காரணாஸ்தவ்". நிர்வாகக் காரணமாம்! ஏன் மழை பெய்யுதுன்னு கேட்டா மழைக்காலம்ங்கிற மாதிரி. மேலதிகாரி கையெழுத்தும் இருந்தது. ஆனா அதுக்குக் கீழே இருந்த தேதி, ஆர்டர் தேதிக்கு நாலு நாள் பின்னாடி.

அரசுத் தரப்புல வாதாடற பிரசென்டிங் ஆபீசர் ஃபைலைக் கொண்டுவந்து வெச்சதும் தீர்ப்பாயம் பார்த்தது அந்தத் தேதியைத்தான். மாமியாரோட டயாலிசிஸ், பையனோட பத்தாங்கிளாஸ் எதையும் யாரும் கேட்கலை. கஷ்டத்தைத் துறைக்குக் கொடுக்கிற மனுவில எழுதுங்க. தீர்ப்பாயத்துல ஃபைலைக் கேளுங்க. எத்தனை தடவைதான் சொல்றது?

"சுப்ரீம் கோர்ட்டே மாற்றல்ல தலையிடாதேன்னு சொல்லியிருக்கே"ன்னு ஒரு தம்பி. வாஸ்தவம். 1991-ல ஷில்பி போஸ் வழக்குல அப்படித்தான் சொன்னாங்க. 1993-ல அப்பாஸ் வழக்குல, புருஷன் பொண்டாட்டிக்கு ஒரே ஊருங்கிறது வெறும் வழிகாட்டுதல், உரிமை கிடையாதுன்னாங்க. ஆனா அதே தீர்ப்புகள்ல ரெண்டு வாசலைத் திறந்துதான் வெச்சிருக்காங்க: சட்ட மீறல், கெட்ட எண்ணம். மத்திய அரசு ஊழியருக்குப் பெரும்பாலும் வழிகாட்டுதல்தான் துணை. இங்கே மாநில ஊழியருக்குச் சட்டமே இருக்கு. ரெண்டையும் போட்டுக் குழப்பாதீங்க.

கெட்ட எண்ணம்ங்கிற வாசல் ரொம்பக் குறுகல். அதிகாரியைப் பேர் சொல்லி எதிர்மனுதாரராச் சேர்க்கணும், நிரூபிக்கிற சுமையும் உங்க தலைமேல. தமிழ்நாட்டுத் தலைமைச் செயலாளரா இருந்த ராயப்பாவே 1974-ல அதுல தோத்தவர்தான். தோத்த அந்த வழக்கோட வரிகளைத்தான் இன்னிக்கும் எல்லா மனுவிலயும் ஒட்டறாங்க, அது வேற கதை.

"அப்போ நிர்வாகம் எப்படி நடக்கும்?" ஒழுங்கா நாலு வரி காரணம் எழுதினா நடக்கும்.

இன்னொரு மகானுபாவர், "மெடிக்கல் லீவு போட்டுட்டு மும்பையிலயே உக்காந்திருக்கலாமே"ங்கறார். தயவுசெஞ்சு இதை யாருக்கும் சொல்லித் தராதீங்க. குஜராத் மின்வாரியத்துல சூரத்திலேர்ந்து உகாய்க்கு மாத்தினதும் போய்ச் சேராம இருந்தவருக்கு வேலையே போச்சு. சுப்ரீம் கோர்ட் 1989-ல அது சரின்னுடுச்சு. அக்கா அந்தத் தப்பைப் பண்ணலை. கொங்கண் ரயில் பிடிச்சு சாவந்த்வாடி போய், "வழக்குத் தொடரும் உரிமையை விட்டுக்கொடுக்காமல் சேர்கிறேன்"னு கடிதம் கொடுத்து, நகல்ல முத்திரை வாங்கினாங்க. அதுக்கப்புறம்தான் மனு.

இத்தனையும் பண்ணினது ஒரு ஆம்பளையா இருந்தா "போராடி ஜெயிச்சார்"னு போட்டோ போட்டிருப்பீங்க. பொம்பளைன்னா ஆள் பிடிச்சா. மும்பைத் தமிழங்க நாம மூணு தலைமுறையா தாராவியிலயும் கோலிவாடாவிலயும் கிடக்கோம், இன்னும் "வந்த ஊர்ல வாயை மூடிக்கிட்டு இரு"ன்னுதான் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்கறோம். மூடாத ஒருத்தி ஜெயிச்சா முதல் கல்லு நம்ம ஆளுங்ககிட்டேர்ந்துதான் வருது.

அவங்க ஜெயிச்சது இந்த ஒரு ஆர்டரைத்தான். நாளைக்கே காரணம் எழுதி, முன்கூட்டியே ஒப்புதல் வாங்கி இன்னொண்ணு போட்டா மறுபடி முதல்லேர்ந்து. திங்கட்கிழமை அதே மேஜைக்குத் திரும்பிட்டாங்க. கைரேகை மெஷின்ல பேரை இன்னும் சேர்க்கலையாம். தினமும் காலையில, மாற்றல் போட்ட அதே அதிகாரி ரூமுக்குப் போய் ரிஜிஸ்டர்ல கையெழுத்துப் போட்டுட்டு வர்றாங்க.