தடையுத்தரவு எடுத்தாச்சு, பிறகு?

முல்லைத்தீவு, கிளிநொச்சி, வவுனியாப் பக்கம் காணிப் பிணக்கு என்றால் முதலில் காதில் விழுவது "66 வழக்கு", அதாவது காணிச் சண்டையால் அமைதி குலையும் என்று ஆரம்ப நீதிமன்றத்தில் 66ஆம் பிரிவின் கீழ் போகும் வழக்கு. கட்டளை கிடைத்த மறுநாளே மற்றத் தரப்பு வேலி போட்டுவிடும். உடனே, "கோட் அவமதிப்புப் போடுவம்" என்று ஒரு பேச்சு. அந்தப் பேச்சில் பாதி நீதிமன்ற வாசலைத் தாண்டாது.

66இன் கீழ் வந்த கட்டளையை மீறுவதற்கு, 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்திலேயே 73ஆம் பிரிவு இருக்கிறது: ஆறு மாதம் வரை சிறை, அல்லது தண்டம், அல்லது இரண்டும். அந்தத் தண்டத்துக்கு 1979இல் எழுதிய உச்சத் தொகை 1000 ரூபா. இன்றைக்கு ஜேசிபியின் ஒரு மணித்தியால வாடகைக்கும் காணாது. மாவட்ட நீதிமன்றத்தின் கட்டாணையையோ (முதலில் சில நாளுக்கு மட்டும் தரும் அவசரத் தடை) இடைக்காலத் தடையுத்தரவையோ மீறினால் பாதை வேறு. குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 663ஆம் பிரிவின்படி அவமதிப்பாகவே தண்டிக்கலாம்.

எந்தப் பாதையில் போனாலும் முதலில் சறுக்குவது கட்டளையின் வாசகத்தில்தான். "எதிராளி காணிக்குள் தலையிடக் கூடாது" என்று மட்டும் இருந்தால், எந்தக் காணி, எந்த எல்லை என்று மற்றப் பக்கச் சட்டத்தரணி கேட்பார். எங்கட பேமிட் காணிகளில் (அரசு அனுமதிப்பத்திரத்தில் தந்த காணிகள்) எல்லை "வடக்கே காடு, கிழக்கே வாய்க்கால்" என்று கிடக்கும். காடு வெட்டியாச்சு, வாய்க்காலும் திரும்பியாச்சு. மனுப் போடும்போதே நில அளவை வரைபடத்தை இணைத்து, கட்டளையில் அதைக் குறிப்பிடும்படி கேளுங்கள்.

அடுத்தது, தெரிந்துகொண்டே மீறினார் என்பதை நியாயமான சந்தேகத்துக்கு அப்பால் காட்ட வேண்டும். கட்டளையைக் கண்ணாலும் காணாத ஜேசிபி சாரதியைக் கூண்டில் ஏற்றிப் பலனில்லை, ஏவியவரைப் பிடியுங்கள். கட்டளை பிஸ்கால் (நீதிமன்றக் கட்டளைகளைச் சேர்ப்பித்து நிறைவேற்றும் அலுவலர்) மூலம் அவர் கையில் சேர்ந்து, சேர்ப்பித்த அறிக்கை வழக்கேட்டில் இருக்க வேண்டும். வட்ஸ்அப்பில் விழுந்த நீலச் சரியை மட்டும் நம்பிப் போகாதீர்கள். வேலி போட்ட அன்றே பொலிஸில் முறைப்பாடு, திகதியோடு படம், கிராம சேவகருக்கு ஒரு கடிதம்.

திகதியும் ஆளைக் கவிழ்க்கும். கட்டாணை முதல் தடவையில் 14 நாளுக்கு மேல் போகாது. மாவீரர் நாளுக்கு முன் பொலிஸ் கேட்டுப் போகிற, குற்றவியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 106ஆம் பிரிவுக் கட்டளையும் அப்படித்தான். நீடிக்காமல் விட்டால், 15ஆம் நாள் போட்ட வேலி அவமதிப்பே இல்லை.

"அவங்கள் மதிக்காத கட்டளையை நாங்கள் மட்டும் ஏன் மதிக்க வேணும்?" என்று சனம் கேட்பது விளங்குகிறது. 2019இல் நீராவியடிப் பிள்ளையார் கோவில் வளாகத்தில் பொலிஸார் பார்த்துக்கொண்டு நிற்க, நீதிமன்றக் கட்டளையை மீறி ஒரு பிக்குவின் உடலை எரித்தார்கள். குருந்தூர்மலையில் நீதிமன்றம் 2022இல் தடுத்த விகாரைக் கட்டுமானம் தொடர்ந்தது. மீறல் நடந்தது என்று சொன்ன முல்லைத்தீவு நீதிபதி 2023 செப்டெம்பரில் உயிரச்சுறுத்தல் என்று பதவி விலகினார். அரசியலமைப்பின் 105(3)ஆம் உறுப்புரையின்படி கீழ் நீதிமன்றத்தை அவமதித்தவரையும் மேன்முறையீட்டு நீதிமன்றம் தண்டிக்கலாம். ஆனால் அது கொழும்பில், காசும் வேண்டும். அதே கேள்வியை நீங்கள் கூண்டில் நின்று கேட்டால் பதில் ஆறு மாதமாக இருக்கலாம். பிழையான கட்டளையும் மேல் நீதிமன்றம் மாற்றும்வரை கட்டளைதான்.

இன்னொன்று: ஆளை மறியலில் போட்டாலும் வேலி தானாக விழாது. அதை அகற்ற பிஸ்கால் வர வேண்டும், பொலிஸ் பாதுகாப்பையும் சேர்த்துக் கேட்க வேண்டும். வரைபடம் இல்லாவிட்டால் வந்த பிஸ்கால், எந்தக் கட்டையைப் பிடுங்குவது என்று தெரியாமல் ஒழுங்கையில் நின்றுவிட்டுத் திரும்பிப் போவார்.