துரத்துகிறவர் மட்டும் போதுமா?

1998ல் வந்த 'யு.எஸ். மார்ஷல்ஸ்' முதல் படமான 'தி ஃப்யூஜிட்டிவ்' (1993) அளவுக்கே விறுவிறுப்பானது என்று கட்டுரையில் எழுதியிருக்கிறீர்கள். அதில் விமானம் விழும் காட்சி மிரட்டல்தான், சரி. ஆனால் விறுவிறுப்பு விபத்தில் இல்லையே!

முதல் படத்தில், மனைவியைக் கொன்றதாகத் தண்டிக்கப்பட்டுத் தப்பி ஓடும் டாக்டர் கிம்பிள் (ஹாரிசன் ஃபோர்டு) தன் வக்கீலுக்குப் போன் செய்கிறார். அந்த ஒலிப்பதிவை, அவரைத் துரத்தும் மார்ஷல் (தப்பியோடிய கைதிகளைப் பிடிக்கும் அமெரிக்க அரசு அதிகாரி) ஜெரார்டின் ஆட்கள் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்கிறார்கள். பின்னணியில் மேம்பால ரயில் ஓடும் சத்தம். ஆள் சிகாகோவிலேயே இருக்கிறான் என்று புரிகிறது. துப்பாக்கி இல்லை, வெடி இல்லை, நாம் நாற்காலி நுனிக்கு வந்துவிடுகிறோம். தேடுகிறவர்களின் மூளை வேலை செய்வதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்க்கிற சுகம் அது.

ஜெரார்டாக நடித்த டாமி லீ ஜோன்ஸுக்குச் சிறந்த துணை நடிகர் ஆஸ்கர் சும்மா கிடைக்கவில்லை. தான் நிரபராதி என்று கிம்பிள் சொல்லும்போது, அதைப் பற்றித் தனக்குக் கவலையில்லை என்கிறாரே, என்ன திமிர்! அந்தத் திமிர் கொஞ்சம் கொஞ்சமாகச் சந்தேகமாக மாறுவதுதான் கதையே. இரண்டாவது படத்திலும் அதே ஜோன்ஸ், அதே குழு. எதிரே வெஸ்லி ஸ்னைப்ஸ் நன்றாகத்தான் ஓடுகிறார். ஆனால் ஹாரிசன் ஃபோர்டுக்காகப் பதறிய மாதிரி அவருக்காக மனசு பதறவில்லை. ராபர்ட் டவுனி ஜூனியரும் இருக்கிறார், அதை ஏனோ நீங்கள் குறிப்பிடவே இல்லை.