பூட்வார் படம் ஒல்லியானவர்களுக்கு மட்டும் இல்லை

பூட்வார் என்றால் படுக்கையறை போன்ற சூழலில், உள்ளாடையிலோ மெல்லிய உடையிலோ ஒருவரை எடுக்கும் அந்தரங்கமான படம். "பூட்வார் போட்டோ ஒல்லியாக இருப்பவர்களுக்குத்தான் எடுபடும், மற்றவர்களை எடிட்டிங்கில் இளைக்க வைத்தால்தான் உண்டு" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். தவறு. உடம்பு எப்படித் தெரிகிறது என்பதைப் பெரும்பாலும் வெளிச்சமும் கேமரா நிற்கும் தூரமும்தான் முடிவு செய்கின்றன. நேர் எதிரே ஃபிளாஷ் அடித்தால் யாராக இருந்தாலும் தட்டையாகத்தான் தெரிவார்கள். அதே ஆளை ஜன்னலுக்குப் பக்கவாட்டில் உட்காரவைத்து, ஒரு மெல்லிய வெள்ளைத் திரையையும் இழுத்துவிட்டால் நிழல் மெதுவாகப் படிந்து வளைவுகள் அழகாக எழும்பி வரும். அப்புறம், அகலமான காட்சியைப் பிடிக்கும் வைட் லென்ஸோடு கிட்டப் போய் எடுத்தால் கேமராவுக்கு அருகிலிருக்கும் தொடையோ கையோ பெரிதாகிவிடும், பழி மட்டும் உடம்பின் மேல்! ஃபுல் ஃபிரேம் (பெரிய சென்சார் உள்ள) கேமராவில் 85 எம்எம் லென்ஸ் போட்டுத் தள்ளி நின்று எடுத்தால் அந்தத் தொல்லை இல்லை.

எடிட்டிங்கே கூடாது என்று சொல்லவில்லை. பரு, உடை அழுத்திய தடம் போல நாலு நாளில் போய்விடுவதை எடுக்கலாம், சரி. தழும்பு, பிரசவக் கோடுகளைக் கேட்காமல் தொடக் கூடாது, சிலர் அவற்றோடு தங்களைப் பார்க்கத்தான் வருகிறார்கள். எந்த அளவுக்கு எடிட் செய்வார் என்று போட்டோகிராபரிடம் முன்பணம் கொடுப்பதற்கு முன்பே கேட்டுவிடுங்கள்.